இருபது நிமிஷ இறால், ஐந்நூறு வருஷத் தக்காளி

இன்னிக்கு எபிசோடு ஒரு சமையல் குறிப்புல ஆரம்பிக்குது. பயப்படாதீங்க, நான் சமையல் சேனலுக்கு மாறிடலை. வழக்கம்போல வரலாறுதான். ஆனா இந்தத் தடவை அந்த வரலாறு முழுக்க ஒரே வாணலிக்குள்ள இருக்கு. அதனால முதல்ல வாணலியை அடுப்புல வைப்போம்.

போன நவம்பர்ல ஒரு செவ்வாய்க்கிழமை. ரிலீஸ் முடிச்சு லேப்டாப்பை மூடும்போது ராத்திரி ஒன்பதரை. ஆப்பைத் திறந்தா டெலிவரிக்கு 45 நிமிஷம் காட்டுது. ஃப்ரிட்ஜைத் திறந்தா சுத்தம் பண்ணி வெச்ச இறால் கால் கிலோ, தக்காளி நாலு. சரி, நாமளே பண்ணிடலாம்.

செய்முறை சொல்லிடறேன், ஏன்னா கடைசியில எப்படியும் கேட்பீங்க. ரெண்டு ஸ்பூன் எண்ணெய். அதுல ஆறு பல் பூண்டை நசுக்கிப் போட்டு, ரெண்டு காய்ந்த மிளகாயைக் கிள்ளிப் போடணும். ஒரு சின்ன வெங்காயத்தைப் பொடியா நறுக்கிச் சேர்த்து வதக்கணும். அப்புறம் நாலு தக்காளி, உப்பு. மிதமான தீயில பத்திலிருந்து பன்னிரண்டு நிமிஷம், எண்ணெய் ஓரத்துல பிரியற வரைக்கும். கடைசியாத்தான் இறால். மூணு நிமிஷம், மிஞ்சினா நாலு. பிறை மாதிரி வளைஞ்சிருந்தா வெந்தாச்சு. தலையும் வாலும் முட்டிக்கிட்டு வட்டமா சுருண்டுட்டா, ரப்பர் சாப்பிடத் தயாராகிக்கோங்க. மொத்தம் இருபது நிமிஷம்.

இறால் ஏன் இவ்வளவு சீக்கிரம் வேகுது? ஆட்டுக்கறியில தசையை இறுக்கிப் பிடிக்கிற கொலாஜன் அதிகம். அது இளக நேரம் ஆகும். இறால்ல அது ரொம்பக் குறைவு. புரதம் சூட்டுல இறுகினா போதும், வேலை முடிஞ்சது. சாம்பல் நிற இறால் சிவப்பா மாறுறதும் அப்போதான். அஸ்டாக்சாந்தின்னு ஒரு சிவப்பு நிறமி ஏற்கெனவே அதுக்குள்ள இருக்கு, ஒரு புரதம் அதை மூடி வெச்சிருக்கு. சூடு அந்தப் புரதத்தைக் குலைச்சதும் சிவப்பு வெளியே வந்துடுது.

ஆரோக்கியமான சாப்பாடும்கூட. கொழுப்பு கம்மி, புரதம் ஜாஸ்தி. தக்காளியில இருக்கிற லைக்கோபீனை எண்ணெயில வதக்கிச் சாப்பிட்டாத்தான் உடம்பு நல்லா எடுத்துக்கும். இந்த மாதிரி ரெண்டு வரியைச் சேர்த்து, ஒரு போட்டோவும் எடுத்து, குடும்ப வாட்ஸ்அப் குரூப்ல போட்டேன். "20 நிமிஷ ஹெல்தி டின்னர்."

சித்தி ஹார்ட் போட்டாங்க. அத்தை கைதட்டினாங்க. பெரியப்பா மட்டும் ஒரே ஒரு வார்த்தை எழுதினார்.

"வனாமியா?"

அஞ்சு நிமிஷத்துல அம்மாவோட போன். "பெரியப்பா இருக்கிற குரூப்ல இறால் போட்டோ எல்லாம் எதுக்குடா போடுற?" ஏம்மான்னு கேட்டேன். "நேர்ல வா, சொல்றேன்"னு வெச்சுட்டாங்க.

எங்க ஊர் சீர்காழிக்குக் கிழக்கே, கடலை ஒட்டி. கடலோர ஊர். ஆனா பெரியப்பா வீட்டுல நான் ஒரு தடவைகூட இறால் சாப்பிட்டதில்லை. மீன் உண்டு, நண்டு உண்டு, இறால் கிடையாது. சின்ன வயசுல இருந்து பார்த்துட்டே இருந்ததால அது வித்தியாசமாவே தோணலை.

ஒரு பக் வந்தா நாங்க என்ன பண்ணுவோம்? எந்தப் பகுதி எங்கிருந்து வந்ததுன்னு ஒவ்வொண்ணாப் பின்னாடி தேடிப் போவோம். அதையே வாணலிக்குச் செஞ்சேன். தக்காளி எங்கிருந்து வந்தது, மிளகாய் எங்கிருந்து வந்தது, இறால் எங்கிருந்து வந்தது. மூணு நூலையும் பிடிச்சுப் போனா, மூணும் ஒரே திசையில போகுது.

ஒரு பட்டியல்ல இருக்கிற சாப்பாடு

1521-ல ஸ்பானியர்கள் டெனோச்டிட்லான் நகரத்தைப் பிடிச்சாங்க. நாம ஆஸ்டெக்னு சொல்ற மக்களோட தலைநகரம், இன்னிக்கு மெக்சிகோ சிட்டி இருக்கிற இடம். எட்டு வருஷம் கழிச்சு, 1529-ல, பெர்னார்டினோ டி சஹாகூன்னு ஒரு பிரான்சிஸ்கன் துறவி அங்க வந்து சேர்ந்தார். மதம் மாத்த வந்தவர்தான். ஆனா மாத்தறதுக்கு முன்னாடி இவங்களைப் புரிஞ்சுக்கணும்னு, அந்த மக்களோட நாவாட்ல் மொழியிலேயே எல்லாத்தையும் எழுதி வாங்க ஆரம்பிச்சார். கடவுள்கள், சடங்குகள், மருந்துகள், பறவைகள், சந்தை, சாப்பாடு எல்லாத்தையும்.

தனியாச் செய்யலை. ஊர்ப் பெரியவங்ககிட்ட கேள்வி கேட்டு, பதிலை எழுதி, சரிபார்த்தது நாவா இளைஞர்கள். அவங்க பேரை சஹாகூனே பதிவு பண்ணியிருக்கார்: அன்டோனியோ வலேரியானோ, அலோன்சோ வெகேரானோ, மார்ட்டின் ஹகோபீட்டா, பெட்ரோ டி சான் புவெனவென்டூரா. நாவாட்ல், ஸ்பானிஷ், லத்தீன் மூணும் தெரிஞ்சவங்க. இவங்க உழைப்புல உருவானது 12 பாகம், சுமார் 2,500 ஓவியங்கள். இன்னிக்கு அதுக்குப் பேர் ஃப்ளோரன்டைன் கோடெக்ஸ்.

அதோட எட்டாவது பாகத்துல பிரபுக்கள் என்ன சாப்பிட்டாங்கன்னு ஒரு பட்டியல் வருது. தவளையும் பச்சை மிளகாயும். சின்ன மீனும் சிவப்பு மிளகாயும். அந்த வரிசையில ஒண்ணு: சகாலின், சிவப்பு மிளகாய், தக்காளி, அரைச்ச பூசணி விதை.

சகாலின்னா என்ன? சில மொழிபெயர்ப்புல லாப்ஸ்டர்னு இருக்கு. ஆனா 1571-ல மோலினா வெளியிட்ட நாவாட்ல் அகராதி அதைப் பெரிய இறால்னு சொல்லுது. மத்திய அமெரிக்காவுல சில பகுதிகள்ல இன்னிக்கும் இறாலுக்கு அந்தப் பேர் புழங்குது.

இந்த இடத்துல நான் படிக்கிறதை நிறுத்திட்டு எழுந்து ஒரு தண்ணி குடிச்சேன். ராத்திரி ஒன்பதரை மணிக்கு, சோம்பேறித்தனத்துல, நான் கண்டுபிடிச்சதா நினைச்ச டின்னர் அது. பூசணி விதை மட்டும்தான் பாக்கி.

பத்தாவது பாகம் இன்னும் சுவாரசியம். சந்தையில தக்காளி விக்கிறவங்களைப் பத்தி அதுல இருக்கு. நல்ல வியாபாரி பெருசு, சிறுசு, மஞ்சள், சிவப்புன்னு விதவிதமா வெச்சிருப்பார். மோசமான வியாபாரி நசுங்கினதையும் அழுகினதையும், வயித்தைக் கலக்குறதையும் தலையில கட்டிடுவார். ஆன்லைன்ல நாம போடுற ஒன் ஸ்டார் ரிவ்யூவுக்கும் இதுக்கும் ஒரு வித்தியாசமும் இல்லை.

ஆனா இது எழுதப்பட்ட சூழ்நிலையைச் சொல்லாம விட்டா பட்டியல் மட்டும்தான் மிஞ்சும். இறுதிப் பிரதி தயாரான வருஷங்கள்ல, 1576-ல, மெக்சிகோவுல பெரும் கொள்ளைநோய் வந்தது. எழுதிக்கிட்டு இருந்த ட்லாடெலோல்கோ மடத்துக்கு வெளியில ஜனங்க கூட்டம் கூட்டமா செத்துக்கிட்டு இருந்தாங்க. ஓவியங்கள் பலது பின்பகுதியில வண்ணமே இல்லாம நிக்குது. வண்ணம் கிடைக்கலையோ, தீட்ட ஆள் இல்லையோன்னு ஆய்வாளர்கள் யோசிக்கிறாங்க. தக்காளியில என்ன சாஸ் பண்ணோம்னு அவங்க எழுதி வெச்சது, அதைப் பண்ணத் தெரிஞ்சவங்க ஒவ்வொருத்தரா போய்க்கிட்டு இருந்த நேரத்துல.

எழுதினவங்க நாலு பேரோட பேர் நமக்குத் தெரியும். அந்தச் சந்தையில சாஸ் அரைச்சு வித்தவங்க பேர் ஒண்ணுகூடத் தெரியாது.

டாக்குமென்டேஷனை யாரும் படிக்கலை

தக்காளி அதுக்குள்ள கடலைத் தாண்டியிருந்தது. 1548 அக்டோபர் 31-ல, இத்தாலியோட பைசா நகரத்துல இருந்த கோசிமோ டி மெடிசியோட வீட்டுக்கு, ஃப்ளோரன்ஸ் பக்கத்து எஸ்டேட்ல இருந்து ஒரு கூடை தக்காளி வந்தது. பத்திரமா வந்து சேர்ந்ததுன்னு வீட்டு நிர்வாகி எழுதின கடிதம் இருக்கு. கூடையைத் திறந்து எல்லாரும் பார்த்தாங்க. பார்த்தாங்க, அவ்வளவுதான். என்ன பண்றதுன்னு பெருசா யாருக்கும் தெரியலை.

ரொம்ப காலம் தக்காளி அங்க தோட்டத்துல வெச்சு ரசிக்கிற செடியாவும், விஷமோன்னு சந்தேகப்படுற பழமாவும்தான் இருந்தது. இங்கிலாந்துல ஜான் ஜெரார்ட் 1597-ல எழுதின மூலிகை நூல்ல அதோட நாத்தத்தைத் திட்டியிருக்கார். ஊமத்தை, பெல்லடோனா மாதிரி விஷச் செடிகளும் தக்காளியும் ஒரே குடும்பம்ங்கிறதால சந்தேகத்துக்குக் காரணம் இல்லாம இல்லை.

இப்போ சஹாகூன் புத்தகத்துக்கு வருவோம். 1577-ல ஸ்பெயின் அரசர் இரண்டாம் பிலிப், அந்த எழுத்தை எல்லாம் கைப்பற்றி அனுப்பச் சொல்லி உத்தரவு போட்டார். பழைய மதத்தைப் பத்தின புத்தகம் இந்திய மக்கள் கையில இருக்கக் கூடாதுன்னு பயம். இந்திய மக்கள்னா நாம இல்லை, அமெரிக்காவோட பூர்வகுடிகளை அவங்க அப்படித்தான் கூப்பிட்டாங்க. பிரதி ஐரோப்பாவுக்குப் போச்சு. 1580-களில் அது போய்ச் சேர்ந்த இடம் ஃப்ளோரன்ஸ். யார் கையில? மெடிசி குடும்பத்துக்கிட்ட. இன்னிக்கும் அந்த ஊர் லாரென்சியன் நூலகத்துலதான் இருக்கு.

நல்லா கவனிங்க. தக்காளிக் கூடை வந்த அதே குடும்பம். அதை எப்படிச் சாப்பிடணும்னு சொல்ற புத்தகமும் அதே குடும்பத்தோட அலமாரியில. ஆனா புத்தகத்தோட ஒரு பக்கம் நாவாட்ல், இன்னொரு பக்கம் ஸ்பானிஷ். சமையல்கட்டுல இருந்தவங்க யாரும் அதைத் திறந்திருக்க வாய்ப்பே இல்லை. எங்க ஆபீஸ்ல சொல்வோம்: டாக்குமென்டேஷன் இருக்கு, யாரும் படிக்கலை. அதுக்கு இதைவிடப் பழைய உதாரணம் எனக்குத் தெரியாது.

ஐரோப்பாவுல அச்சான முதல் தக்காளி சாஸ் குறிப்பு 1692-ல வந்தது. நேப்பிள்ஸ்ல, அன்டோனியோ லாட்டினின்னு ஒருத்தர் எழுதின புத்தகத்துல. நேப்பிள்ஸ் அப்போ ஸ்பானிய ஆட்சியில இருந்தது. அவர் வெச்ச பேரும் ஸ்பானிய முறைத் தக்காளி சாஸ்தான். தக்காளியைத் தணல்ல சுட்டு, தோல் உரிச்சு, நறுக்கி, வெங்காயம், மிளகாய், தைம் இலை, உப்பு, எண்ணெய், வினிகர் சேர்க்கணும். வினிகரையும் எண்ணெயையும் எடுத்துட்டுப் பாருங்க, மெக்சிகோ சந்தையில வித்தது கிட்டத்தட்ட அப்படியே. ஆனா அதுல மெக்சிகோ பேர் இல்லை. நடுவுல கொண்டுவந்தவன் பேர் ஒட்டிக்கிச்சு.

சீமை ஒட்டின பேர்

நம்ம ஊருக்கு வருவோம். மிளகாய் போர்த்துகீசியர் மூலமா முன்னாடியே வந்து, மிளகோட பேரையே பிடிச்சுக்கிட்டது உங்களுக்குத் தெரியும். தக்காளி அவ்வளவு சீக்கிரம் வேர் பிடிக்கலை. ஜார்ஜ் வாட் தொகுத்து 1889-ல வெளிவர ஆரம்பிச்ச இந்தியப் பொருள்களின் அகராதியில, தக்காளி முக்கியமா ஐரோப்பியர்களுக்காகப் பயிராகுது, உள்ளூர் மக்களும் இப்போ விரும்ப ஆரம்பிச்சிருக்காங்கங்கிற தொனியிலதான் எழுதியிருக்கார். அதாவது நூத்து முப்பது சொச்சம் வருஷத்துக்கு முன்னாடிகூட அது நம்ம அன்றாடச் சமையல் இல்லை. ரசத்துக்கும் குழம்புக்கும் புளிப்பு கொடுத்தது புளிதான். அந்தப் புளியமரமே ஆதியில ஆப்பிரிக்காவுல இருந்து வந்ததுங்கிறது வேற கதை.

எனக்குப் பிடிச்ச விஷயம் இந்தப் பேர்தான். தக்காளின்னு ஒரு சொல் நம்மகிட்ட ஏற்கெனவே இருந்தது. மணத்தக்காளி, சொடக்குத் தக்காளி. காகிதப் பை மாதிரி உறைக்குள்ள குட்டிப் பழம் இருக்குமே, நெத்தியில அடிச்சு 'டப்'னு உடைச்சு விளையாடுவோமே, அதுதான் சொடக்குத் தக்காளி. புதுசா வந்த சிவப்புப் பழத்துக்கு நம்மாளுங்க வெச்ச பேர் சீமைத்தக்காளி. நாள் போகப்போகச் சீமை உதிர்ந்து, தக்காளின்னாலே சிவப்புதான்னு ஆயிடுச்சு. பழைய தக்காளிகளுக்குத்தான் இப்போ அடைமொழி தேவைப்படுது.

மெக்சிகோவுல என்ன நடந்ததுன்னு பாருங்க. நாவாட்ல்ல டொமாட்ல்னா முதன்மையா உறைக்குள்ள இருக்கிற பச்சைப் பழம். சொடக்குத் தக்காளியோட நெருங்கின சொந்தம், ரெண்டும் ஒரே பேரினம். நம்ம சிவப்புத் தக்காளிக்கு அவங்க ஒரு அடைமொழி சேர்த்து ஷிடொமாட்ல்னு சொன்னாங்க. ஸ்பானியர்களுக்கு இந்த வித்தியாசம் பிடிபடலை. எல்லாத்தையும் டொமாட்டேன்னு ஒரே பேர்ல ஏத்திட்டாங்க. அதுதான் இங்கிலீஷ்ல டொமேட்டோ.

ரெண்டு தேசம். ஒண்ணுக்கொண்ணு தெரியாது. ரெண்டும் அதே சிவப்புப் பழத்தை, அதே உறைக்குள்ள இருக்கிற குட்டிப் பழத்தைப் பார்த்துத்தான் பேர் வெச்சிருக்கு. செடியை உத்துப் பார்க்கிறவங்க எங்க இருந்தாலும் ஒண்ணையேதான் பார்க்கிறாங்க போல.

இறால் மட்டும் நம்ம ஊருதானே?

நானும் அப்படித்தான் நினைச்சேன். தக்காளியும் மிளகாயும் வந்தவை, இறாலாவது நம்மளது. இறா, இறவுன்னு சங்கப் பாடல்கள்ல நெய்தல் திணையில வருது. கடற்கரையில காயவெச்ச இறாலை அப்பவே பாடியிருக்காங்க. அப்புறம்தான் பெரியப்பா கேட்ட வார்த்தையைத் தேடினேன். வனாமி.

முதல்ல கொஞ்சம் பின்னாடி போகணும். 1950-கள் வரைக்கும் நம்ம கடற்கரையில இருந்து வெளிநாட்டுக்குப் போனது பெரும்பாலும் கருவாட்டு இறால்தான். பர்மாவுக்கும் இலங்கைக்கும். உறையவெச்சு அனுப்புற தொழில்நுட்பம் கொச்சியில வந்ததும் அமெரிக்கா, ஜப்பான் சந்தை திறந்தது. கடல்ல பிடிக்கிறது பத்தலை. 1980-களோட கடைசியில, உப்புத்தண்ணியைக் குளத்துல ஏத்தி டைகர் இறால் வளர்க்கிற தொழில் நம்ம கிழக்குக் கடற்கரையில பரபரன்னு பரவுச்சு. ஆந்திராவுலயும், தஞ்சாவூர், நாகப்பட்டினம் பக்கமும்.

கடலோர நெல் வயலுக்கு நடுவுல உப்புக் குளம் வெட்டினா என்ன ஆகும்? உப்பு வரப்புல நிக்காது. பக்கத்து வயலுக்குக் கசியும். குடிதண்ணிக் கிணத்துக்கும் போகும். வயல் வேலை செஞ்ச கூலிக்காரங்களுக்கு, முக்கியமாப் பெண்களுக்கு, வேலை போச்சு. பத்து ஏக்கர் நடவுக்கு வேண்டிய ஆளுக்கும் பத்து ஏக்கர் குளத்துக்கு வேண்டிய ஆளுக்கும் ஒப்பிடவே முடியாது. இதை எதிர்த்துக் காந்தியவாதிகளான கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதனும் சங்கரலிங்கம் ஜெகந்நாதனும் கிராமம் கிராமமா போராட்டம் நடத்தினாங்க. ஜெகந்நாதன் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். நாக்பூர் நீரி நிறுவனம் வந்து ஆய்வு பண்ணுச்சு. 1996 டிசம்பர் 11-ல தீர்ப்பு வந்தது: கடலோர ஒழுங்குமுறை மண்டலத்துல, பாரம்பரிய முறையில நடக்கிறது தவிர மத்த இறால் பண்ணைகளை அகற்றணும், விவசாய நிலத்தையும் உப்பளத்தையும் அலையாத்திக் காட்டையும் இறால் குளமா மாத்தக் கூடாது, பாதிக்கப்பட்டவங்களுக்கு இழப்பீடு கொடுக்கணும்.

அதுக்கப்புறம் மறுசீராய்வு மனுக்கள், 2005-ல கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம்னு கதை நீண்டது. பண்ணைகள் பதிவோட, விதிமுறையோட தொடர்ந்தது.

ஆனா தீர்ப்பு வர்றதுக்கு முன்னாடியே டைகர் இறாலை வேற ஒண்ணு அடிச்சுப் போட்டிருந்தது. வெண்புள்ளி வைரஸ். 1994, 95-ல இந்தியக் கடற்கரைக்கு வந்தது. ஓட்டுல வெள்ளைப் புள்ளி தெரியும், இறால் தீனி எடுக்காது, கரையோரமா ஒதுங்கும், சில நாள்ல குளம் மொத்தமும் போயிடும். மருந்து கிடையாது.

அதுக்கு மாற்றா வந்ததுதான் வனாமி. 2009-ல அதை வணிக ரீதியா வளர்க்க இந்தியா அனுமதிச்சது. நோய் இல்லைன்னு சோதிச்ச தாய் இறாலை வெளிநாட்டுல இருந்து விமானத்துல கொண்டுவந்து, தனிமைப்படுத்தி, பரிசோதிச்சு, அப்புறம்தான் குஞ்சுப் பண்ணைகளுக்குக் கொடுப்பாங்க. அந்தத் தனிமை மையம் எங்க இருக்கு தெரியுமா? நம்ம ஈசிஆர்ல, நீலாங்கரையில. வார இறுதியில நாம பீச்சுக்குப் போற அதே ரோடு. இன்னிக்கு இந்தியப் பண்ணைகள்ல பெரும்பங்கு வனாமிதான். சூப்பர் மார்க்கெட்ல சுத்தம் பண்ணிப் பாக்கெட்ல கிடைக்கிறதும் பெரும்பாலும் அதுதான்.

வனாமியோட சொந்த ஊர் எது? பசிபிக் கடலோட அமெரிக்கக் கரை. வடக்கே மெக்சிகோவுல இருந்து தெற்கே பெரு வரைக்கும்.

என் வாணலியில தக்காளி, மிளகாய், இறால். மூணும் மெக்சிகோ மண்ணுக்கும் கடலுக்கும் சொந்தம். ஐந்நூறு வருஷம் முன்னாடி ஒரே தட்டுல இருந்தவை. தனித்தனியா, வேற வேற வழியில உலகத்தைச் சுத்தி, ஓஎம்ஆர்ல ஒரு ஒன் பெட்ரூம் பிளாட்ல திரும்ப ஒண்ணாச் சேர்ந்திருக்கு.

எபிசோடை இங்கேயே முடிச்சிருக்கலாம். நல்ல முடிவு. ஆனா பெரியப்பாவுக்கு நான் இன்னும் பதில் சொல்லலை.

குளத்தங்கரை

பொங்கலுக்கு ஊருக்குப் போனேன். அம்மா சொன்னதைக் கேட்டுட்டுத்தான் பெரியப்பாவைப் பார்க்கப் போனேன். 1993-ல அவரும் ரெண்டு நண்பர்களும் கடன் வாங்கி, எங்க ரெண்டு ஏக்கர்ல இறால் குளம் வெட்டியிருக்காங்க. முதல் அறுவடையில கடன்ல பாதி அடைஞ்சிருக்கு. ரெண்டாவதுல வீட்டுக்கு மாடி எடுத்திருக்காங்க. 95-ல ஒரு காலையில கரையோரம் முழுக்க இறால் ஒதுங்கியிருந்ததாம். நாலு நாள். பெரியம்மா நகை, மாடு, அப்பாவோட பங்கு நிலம் எல்லாம் அதுல போச்சு. நான் பிறக்கிறதுக்கு ரெண்டு வருஷம் முன்னாடி.

இதுவரைக்கும் கேட்டா, நாங்க நஷ்டப்பட்ட குடும்பம். நானும் அப்படித்தான் எடுத்துக்கிட்டேன். ஆனா அந்தத் தீர்ப்பை இந்த எபிசோடுக்காக உட்கார்ந்து படிச்சிருந்தேனே. அதுல விவசாயிகள், கூலிக்காரங்க, ஜெகந்நாதன் எல்லாரும் ஒரு பக்கம். பண்ணைக்காரங்க இன்னொரு பக்கம். படிக்கும்போது நான் எந்தப் பக்கம்னு எனக்குச் சந்தேகமே வரலை. பண்ணைக்காரங்கன்னா யாரோ பெரிய கம்பெனின்னு நினைச்சேன். எங்க ரெண்டு ஏக்கர் ஞாபகத்துக்கே வரலை.

பெரியப்பா என்னைக் குளத்துக்குக் கூட்டிட்டுப் போனார். தண்ணி இல்லை. முழுக்கச் சீமைக்கருவேலம். அதுவும் மெக்சிகோ பக்கத்து மரம்தான், அதையும் சொல்லலாம்னு வாயைத் திறந்தேன், மூடிக்கிட்டேன்.

"இந்த வரப்புக்கு அந்தப் பக்கம் இருந்த வயலுக்காரர் கிணத்துல அதுக்கப்புறம் தண்ணி குடிக்கவே முடியலை"ன்னார். "உப்பு. ஊர்ல ரெண்டு வருஷம் கொடி பிடிச்சாங்க. நான் அவங்களை எல்லாம் திட்டிக்கிட்டு இருந்தேன்."

"அவருக்கு ஏதாவது கொடுத்தீங்களா பெரியப்பா?"

"என்கிட்ட என்ன இருந்தது கொடுக்க?" கொஞ்ச நேரம் கழிச்சு, "இருந்தப்பவும் கொடுக்கலை. அவரும் கேட்கலை"ன்னார்.

வீட்டுல இறால் இல்லாம போனது நஷ்டத்துனாலன்னுதான் அம்மா நினைச்சிருந்தாங்க. நான் அவர்கிட்ட அதைக் கேட்கலை. அந்த வயலுக்காரர் போய் பத்து வருஷம் ஆச்சு, பையன் திருப்பூர்ல இருக்கார்னு மட்டும் சொன்னார்.

இருபது நிமிஷ டின்னர்னு நான் எழுதினேன் இல்லையா, அது என் கணக்கு. இறாலைச் சுத்தம் பண்ணது நான் இல்லை. குளத்தை ராத்திரி பகலாக் காவல் காத்ததும் நான் இல்லை. எனக்கு மிச்சமான நேரம் வேற யாரோ செலவழிச்சது. சில சமயம் அவங்க கிணறையும் சேர்த்து. இதைச் சொல்றதால இறால் சாப்பிடாதீங்கன்னு சொல்லலை, நானே சாப்பிடுவேன். பாக்கெட்டைத் திருப்பி, எங்க வளர்ந்ததுன்னு போட்டிருக்கான்னு பார்க்கிற பழக்கம் மட்டும் எனக்கு வந்திருக்கு. பெரும்பாலும் போட்டிருக்க மாட்டாங்க. இப்போ நான் கடைக்காரர்கிட்ட கேட்கிறேன். போன வாரம் ஒருத்தர், "எதுக்கு சார், நீங்க என்ன ஆபீசரா?"ன்னார்.

திரும்பி நடக்கும்போது, "பெரியப்பா, போட்டோவைப் பார்த்தே வனாமின்னு எப்படிக் கண்டுபிடிச்சீங்க?"ன்னு கேட்டேன்.

"டைகரா இருந்தா சமைச்ச பிறகும் வரி தெரியும்டா." ரெண்டு அடி நடந்துட்டு நின்னார். "அப்புறம், ஒரு நிமிஷம் ஜாஸ்தி வேகவிட்டிருக்க. எல்லாம் வட்டமா சுருண்டிருந்தது."

அதனால செய்முறையில ஒரு திருத்தம். மூணு நிமிஷம் போதும். நாலு வேண்டாம்.

அடுத்த எபிசோடுல பார்க்கலாம்.